தோட்டப்புற வீடுகளில் பழைய துருக்கியப் படங்களைப் பார்ப்பது எப்படி?

துருக்கியத் தொலைக்காட்சித் தொடர்கள் மலேசிய வீடுகளுக்குப் புதியவை அல்ல. பணக்கார வீட்டுப் பையன், ஏழை வீட்டுப் பெண், விட்டுக்கொடுக்காத மாமியார், நெடுநாள் மறைத்து வைக்கப்பட்ட பிறப்பு இரகசியம் என்று இரவுச் சாப்பாட்டுக்குப் பின் பார்த்துப் பழகியவர்கள் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புறச் சிறுநகரங்களிலும் இருக்கிறார்கள். அந்தத் தொடர்கள் எந்த மரபிலிருந்து வந்தனவோ, அந்தப் பழைய துருக்கியத் திரைப்படங்கள்தாம் நம்மவர்களுக்கு அவ்வளவாக அறிமுகமாகவில்லை. ஏறக்குறைய 1950 முதல் 1980 வரை எடுக்கப்பட்ட அந்தப் படங்களைத் துருக்கியில் இன்றும் மூன்று தலைமுறையினர் ஒன்றாக உட்கார்ந்து பார்க்கிறார்கள். அடுத்து வரும் வசனத்தை நடிகர் சொல்வதற்கு முன்பே தாங்கள் சொல்லிவிடுகிறார்கள். தோட்ட லயத்தில் பிறந்து, பின்னர் தாமான் எனப்படும் வீடமைப்புப் பகுதிக்குக் குடிவந்த ஒரு தமிழ்க் குடும்பம், பாட்டி முதல் பேரப்பிள்ளை வரை, அந்தப் படங்களைப் பார்க்கத் தொடங்குவதற்கு வழி சொல்வதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

இவற்றை அனைத்துலகப் பட விழாக்களின் வாசல் வழியாக அணுகுவதைவிட, அவை எந்தக் குடும்பங்களுக்காக எடுக்கப்பட்டனவோ அந்தக் குடும்பங்களைப்போல அணுகுவதே சிறந்தது என்பது என் உறுதியான கருத்து. ஊரில் நிலத்தை நம்பி வாழ முடியாமல் மூட்டை முடிச்சுடன் நகரத்துக்கு வந்து, அங்கே வாடகை வீட்டிலும் தொழிற்சாலையிலும் காலூன்ற முயன்றவர்களே அந்நாளைய துருக்கியப் படங்களின் பெரும்பான்மை ரசிகர்கள். தோட்டம் துண்டாடப்பட்டபோதோ, பால்மரத்தை வெட்டிச் செம்பனை நட்டபோதோ, நிலம் வீடமைப்புக்கு விற்கப்பட்டபோதோ வெளியேறிய நம் பெற்றோரின் கதைக்கும் அவர்களுடைய கதைக்கும் இடையே தூரம் அதிகமில்லை. எந்தப் படத்தை முதலில் போடுவது, எதைத் தள்ளி வைப்பது, யாரை உடன் வைத்துக்கொள்வது என்று முடிவு செய்யும்போதெல்லாம் இதை மனத்தில் கொண்டால் வழி தவறாது.

படம் போடும் முன்

வீட்டில் ஒருவராவது சில பின்னணிச் செய்திகளைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். இஸ்தான்புல் நகரின் பெயோலு வட்டாரத்தில் யெஷில்சாம் என்ற ஒரு தெரு இருக்கிறது. படக் கம்பெனிகள் பலவும் அங்கே அலுவலகம் வைத்திருந்ததால், கோடம்பாக்கம் என்றால் தமிழ்ப்படம் என்பதுபோல, அந்தத் தெருவின் பெயரே அந்தக் காலத்துத் துருக்கியப் படங்கள் முழுமைக்கும் பெயராகிவிட்டது. 1948இல் உள்நாட்டுப் படங்களுக்கான கேளிக்கை வரி குறைக்கப்பட்டது. வெளிநாட்டுப் படத்தைவிட உள்ளூர்ப் படத்தைத் திரையிடுவது திரையரங்கு முதலாளிகளுக்கு இலாபமானது. அதன்பின் உற்பத்தி ஆண்டுக்கு ஆண்டு ஏறி, 1972 வாக்கில் ஓராண்டில் ஏறத்தாழ 300 படங்கள் என்ற அளவை எட்டியது.

இத்தனை படங்களுக்குப் பணம் எங்கிருந்து வந்தது என்பதைத் தெரிந்துகொண்டால் அந்தக் கதைகளின் போக்கு பாதி விளங்கிவிடும். நாடு பல விநியோக வட்டாரங்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. இஸ்தான்புல், அங்காரா, இஸ்மீர், அதானா, சாம்சுன் போன்றவை அவற்றில் முக்கியமானவை. வட்டார விநியோகஸ்தர்கள் படம் எடுப்பதற்கு முன்பே தயாரிப்பாளருக்கு முன்பணமும் கடன் பத்திரமும் கொடுத்தார்கள். எந்த நடிகை வேண்டும், பாட்டு வேண்டுமா, சண்டை வேண்டுமா, முடிவில் அழ வைக்க வேண்டுமா என்பதையும் அவர்களே சொன்னார்கள். அவர்கள் சொன்னது தங்கள் சொந்த விருப்பத்தை அன்று; தங்கள் ஊர்த் திரையரங்குகளில் பகல் காட்சிக்குப் பிள்ளைகளோடு வந்த பெண்களின் விருப்பத்தை. பார்வையாளர் கேட்டதையே திரும்பத் திரும்பக் கொடுத்ததால் கதைகள் ஒரே அச்சில் வார்த்தவைபோலத் தெரியும் என்பது உண்மைதான். ஆயினும், அந்த மக்கள் எதை நியாயம் என்றும் எதை அவமானம் என்றும் எண்ணினார்கள் என்பதை இவ்வளவு தெளிவாகக் காட்டும் ஆவணம் வேறு எதுவும் இருக்க முடியாது.

நமக்கு இன்னொரு நெருக்கமும் உண்டு. 1930களின் பிற்பகுதியில் எகிப்தியப் பாட்டுப் படங்கள் துருக்கியில் பெரும் வெற்றி பெற்றன. 1950களில் ராஜ் கபூரின் ‘ஆவாரா’ அங்கே வந்து, அதன் தலைப்புப் பாட்டு தெருவெல்லாம் ஒலித்தது. 1964இல் சத்ரி அலிஷிக் நடித்து அதே கதை துருக்கியப் படமாகவும் மறுபடி எடுக்கப்பட்டது. பாட்டும் கண்ணீரும் நீதிமன்றக் காட்சியும் கலந்த அந்தச் சுவை தமிழ் ரசிகனுக்குப் பழகிய சுவை என்பதால், ‘இது நம்ம படம் மாதிரியே இருக்கிறதே’ என்று பாட்டி சொன்னால் அதில் வியப்பதற்கு ஒன்றுமில்லை.

தொழில்நுட்பம் பற்றி ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்லது. இந்தப் படங்களில் பெரும்பாலானவை ஒலியில்லாமல் படமாக்கப்பட்டு, பின்னர் ஒலிக்கூடத்தில் குரல் சேர்க்கப்பட்டவை. கதாநாயகிக்கும் கதாநாயகனுக்கும் வேறு கலைஞர்களே குரல் கொடுத்தார்கள். ஒரே குரல் பல நடிகைகளிடமிருந்து வருவதையும், உதடும் சொல்லும் சற்றே விலகி நிற்பதையும், வெளிநாட்டுப் படங்களின் பின்னணி இசை கேட்பாரின்றி எடுத்தாளப்பட்டிருப்பதையும் பிள்ளைகள் உடனே கண்டுபிடித்துச் சிரிப்பார்கள். முதலிலேயே சொல்லி வைத்தால் அந்தச் சிரிப்பு சில நிமிடங்களில் அடங்கிவிடும்.

முதல் படமாக எதை வைப்பது

இணையத்தில் துருக்கியப் பழம்படம் என்று தேடுபவருக்கு முதலில் கிடைப்பது பெரும்பாலும் 1982இல் ஜுனேய்த் அர்கின் நடித்த ஒரு விண்வெளிப் படம். அமெரிக்கப் படக் காட்சிகளையே வெட்டி ஒட்டிச் சேர்த்திருப்பதால் உலகெங்கும் கேலிக்குப் பேர்போனது. அதைக் கொண்டு தொடங்காதீர்கள். கேலியாகத் தொடங்கிய வீட்டில் அடுத்த படத்தையும் கேலியாகவே பார்ப்பார்கள். விருது பெற்ற கனமான படங்களையும் முதல் நாளில் வைக்க வேண்டாம். பாதியில் தாத்தா எழுந்து போய் நாளிதழை எடுத்துக்கொள்வார்.

நான் எவருக்கும் முதலில் பரிந்துரைப்பது ஓர்ஹான் அக்சோய் இயக்கி 1978இல் வந்த ‘நெஷெலி குன்லெர்’. முனீர் ஓஸ்குலும் ஆதிலெ நாஷித்தும் ஊறுகாய்க் கடை நடத்தும் கணவன் மனைவியாக வருகிறார்கள். நல்ல ஊறுகாய்க்கு எலுமிச்சையா, வினிகரா என்ற வாக்குவாதம் முற்றி, குடும்பமே இரண்டாக உடைந்து, பிள்ளைகளும் பங்கு பிரிக்கப்படுகிறார்கள். ஆண்டுகள் கழிந்து, ஒருவரையொருவர் அறியாமல் வளர்ந்த அந்தப் பிள்ளைகள் சந்திக்கிறார்கள். இவ்வளவு சின்னக் காரணத்துக்கா என்று கேட்பவர்கள், தம் சொந்தபந்தத்தில் பேச்சுவார்த்தை நின்றுபோன வீடுகளை ஒருமுறை எண்ணிப் பார்த்தால் போதும். முனீர் ஓஸ்குலின் முகத்தைக் கவனிக்கச் சொல்லுங்கள். கோபத்தில் மீசை துடிக்கும் அதே முகத்தில், தோற்றுவிட்டோம் என்ற உணர்வு வரும்போது கண்கள் மட்டும் தாழும். ஆதிலெ நாஷித் சிரிக்கும்போது உடல் முழுவதும் குலுங்கும். அந்தச் சிரிப்பு எந்த நேரத்திலும் அழுகையாக மாறும். இந்த இருவரையும் துருக்கிய மக்கள் தங்கள் வீட்டு அப்பா அம்மாவாகவே ஏற்றுக்கொண்டதற்கு இந்த ஒரு படமே போதிய காரணம்.

இதே இருவரும் இடம்பெற்ற ‘ஹபாபாம் சினிஃபி’ 1975இல் எர்தெம் எயில்மெஸ் இயக்கியது; ரிஃபாத் இல்காஸின் எழுத்தை அடிப்படையாகக் கொண்டது. படிக்காமல் ஆண்டுக்கணக்கில் ஒரே வகுப்பில் உட்கார்ந்திருக்கும் மாணவர்கள், அவர்களைத் திருத்த வரும் கண்டிப்பான ஆசிரியர், அவர்களுக்குத் தாயாக இருக்கும் பள்ளிப் பணிப்பெண். தமிழ்ப்பள்ளியில் படித்தவர்களும் கற்பித்தவர்களும் இருக்கும் வீட்டில் இந்தப் படத்துக்கு விளக்கமே வேண்டியதில்லை. கெமால் சுனால் பெருவாரியான மக்களைக் கவர்ந்ததும் இதிலிருந்துதான். அப்பாவிபோல நின்று, அதிகாரத்தில் இருப்பவர் அவமானப்படும்படி ஒரு சொல் சொல்லிவிட்டு, தான் என்ன சொன்னோம் என்றே தெரியாததுபோலப் பல்லைக் காட்டுவது அவருடைய வழி. நாகேஷின் உடல்மொழியில் வளர்ந்த நம்மவர்களுக்கு அவரைப் பிடித்துப்போவதற்கு நேரம் எடுக்காது.

நிலமும் தண்ணீரும்

சிரிப்புப் படங்களில் பழகிய பின், தோட்டத்தில் வேலை பார்த்த பெரியவர்களை மனத்தில் வைத்து இரண்டாம் கட்டத்துக்குச் செல்லலாம். அத்திஃப் யில்மாஸ் 1978இல் எடுத்த ‘கிபார் ஃபெய்ஸோ’வில் கெமால் சுனால் ஒரு பண்ணையாருக்குக் கட்டுப்பட்ட கிராமத்து ஏழை. விரும்பிய பெண்ணை மணக்கக் கட்ட வேண்டிய பரிசப் பணத்துக்காக நகரத்துக்குக் கூலி வேலைக்குப் போகிறான். அங்கே தொழிலாளர்கள் ஒன்று சேர்ந்து கேட்பதைக் கண்டு வந்து ஊரில் சொல்கிறான். பண்ணையாராக நடிக்கும் ஷெனெர் ஷென், எதிரில் நிற்கும் ஆளுக்கேற்ப நிமிர்ந்தும் குழைந்தும் நடந்துகொள்வதைப் பார்க்கும் எந்தப் பெரியவரும், தாம் அறிந்த ஒரு கங்காணியின் பெயரைச் சொல்லாமல் இருக்கமாட்டார். சொல்லட்டும், படத்தைச் சற்று நிறுத்தி வைத்து அந்தக் கதையையும் கேளுங்கள்.

அதற்கடுத்து, பிள்ளைகள் உறங்கிய பின், மெத்தின் எர்க்சானின் ‘சூசுஸ் யாஸ்’. 1964இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது பெற்ற படம். ஏஜியன் கடற்கரைப் பகுதியில் புகையிலை பயிரிடும் ஒரு கிராமம். தன் நிலத்தில் ஊறும் ஊற்றுநீரை இனிக் கீழே விடப்போவதில்லை என்று அண்ணன் ஒஸ்மான் அணை கட்டி அடைத்துவிடுகிறான். தம்பிக்கு மனம் ஒப்பவில்லை; ஆனால் அண்ணன் சொல்லைத் தட்டவும் முடியவில்லை. ஊரோடு மூளும் பகையில் ஒரு கொலை விழ, அண்ணன் செய்ததைத் தம்பி தன்மேல் ஏற்றுக்கொண்டு சிறைக்குப் போகிறான். அவன் மனைவி அண்ணனின் பார்வைக்கு நடுவே தனித்து விடப்படுகிறாள். எரோல் தாஷ் நடித்த ஒஸ்மான் பாத்திரத்தின் காமமும் பேராசையும் காட்சிகளில் வெளிப்படையாக இருப்பதால்தான் பிள்ளைகளை ஒதுக்கச் சொல்கிறேன்.

இதில் கவனிக்க வேண்டியது தண்ணீரை எர்க்சான் படம்பிடித்திருக்கும் விதம். மடை திறக்கும்போது வறண்ட வாய்க்காலில் நீரின் முனை தூசியையும் சருகையும் தள்ளிக்கொண்டு நகர்கிறது. பின்னாலேயே மனிதர்கள் ஓடி வருகிறார்கள். வசனம் தேவையில்லை. ‘என் நிலத்தில் ஊறுவது எனக்குத்தானே சொந்தம்’ என்ற ஒஸ்மானின் வாதம் சட்டப்படி சரியா, முறைப்படி சரியா என்று வீட்டில் ஒரு வாக்குவாதம் எழுவது உறுதி. 1960இல் துன் சம்பந்தன் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தில் பணம் கட்டிய தலைமுறையினர் வீட்டில் இருந்தால், நிலம் யாருக்குச் சொந்தம் என்ற கேள்வி அவர்கள் வாழ்க்கையில் என்னவாக இருந்தது என்பதையும் அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். மார்ட்டின் ஸ்கோர்செசி தொடங்கிய உலகத் திரைப்பட அமைப்பு 2008இல் இந்தப் படத்தைப் புதுப்பித்தது. எனவே தெளிவான பிரதி கிடைக்கிறது. மங்கலான பழைய பிரதியோடு மல்லுக்கட்ட வேண்டாம்.

ஊரை விட்டு வந்தவர்கள்

இந்த வரிசையின் உயிர்நாடி மூன்றாம் கட்டம்தான். துருக்கியில் 1950களிலிருந்து விவசாயத்தில் டிராக்டர் பெருகியது, நிலம் துண்டு துண்டானது, நகரங்களில் தொழிற்சாலைகள் வந்தன. நாட்டின் ஆசியப் பகுதியான அனதோலியாவிலிருந்து குடும்பம் குடும்பமாக மக்கள் இஸ்தான்புல்லுக்கு வந்து, நகரின் ஓரங்களில் இரவோடு இரவாகக் குடிசைகளை எழுப்பிக் குடியேறினார்கள். 1960களிலிருந்து ஜெர்மனிக்கும் ஆள் போனது. இந்தப் பெயர்ச்சியை அந்நாட்டுப் படங்கள் அலுக்காமல் சொல்லிக்கொண்டே இருந்தன.

ஹாலித் ரெஃபியின் ‘குர்பெத் குஷ்லாரி’ 1964இல் வந்தது; அந்த ஆண்டு தொடங்கிய அந்தால்யா பட விழாவில் முதல் சிறந்த படமாகத் தேர்வானது. மராஷ் ஊரில் இருந்ததை விற்றுவிட்டு வரும் குடும்பம், ஹைதர்பாஷா இரயில் நிலையத்தில் இறங்குவதில் கதை தொடங்குகிறது. நகரத்தை வெல்ல வந்தவர்கள் என்ன ஆகிறார்கள் என்பதைப் படமே சொல்லட்டும். எனக்கு இதைவிட நெருக்கமானது லுட்ஃபி அகாத் 1973இல் எடுத்த ‘கெலின்’. ‘துயூன்’, ‘தியெத்’ என்ற இரண்டு படங்களோடு சேர்த்து இதை அவருடைய குடிபெயர்வு முப்படம் என்பார்கள். மூன்றிலும் ஹுல்யா கோச்சியீத் நடித்திருக்கிறார்.

‘கெலின்’ படத்தில் யோஸ்காத்திலிருந்து வந்த ஒரு குடும்பம் இஸ்தான்புல்லில் மளிகைக் கடை வைத்திருக்கிறது. இன்னும் பெரிய கடையாக ஆக்க வேண்டும் என்பது மாமனாரின் கனவு. மருமகள் மெர்யெமின் மகனுக்கு இருதய நோய். அறுவை சிகிச்சைக்குப் பணம் வேண்டும். பணம் இருக்கிறது. ஆனால் அது கடைக்கான பணம். வீட்டில் எவரும் குழந்தையை வெறுக்கவில்லை என்பதுதான் இதில் கொடுமை. சின்னப் பிள்ளைக்கு வரும் சாதாரணச் சோர்வுதான், தானே சரியாகிவிடும் என்று மாமியார் சொல்வதும், இந்த மாதம் மட்டும் பொறுத்துக்கொள் என்று மாமனார் சொல்வதும், இரண்டு பேரையும் எதிர்த்துப் பேச நா எழாமல் கணவன் தரையைப் பார்ப்பதும் நமக்குத் தெரியாத காட்சிகள் அல்ல. அகாத் கேமராவை அதிகம் அசைப்பதில்லை. சாப்பாட்டுத் தட்டைச் சுற்றி எல்லாரும் உட்கார்ந்திருக்க, யார் முதலில் கை நீட்டுகிறார், யார் எழுந்து பரிமாறுகிறார், யாருடைய பேச்சு காதில் விழாததுபோல விடப்படுகிறது என்பதைக் கொண்டே அந்த வீட்டின் அதிகாரம் முழுவதையும் காட்டிவிடுகிறார். அந்தச் சாப்பாட்டுக் காட்சிகளின்போது வீட்டில் ஓடும் மின்விசிறியைத் தவிர வேறு சத்தம் இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

முடிவை முன்கூட்டிச் சொல்லிவிடக் கூடாது. மருமகளாக வந்து மாமியாராக ஆன பெண்கள் உங்கள் வீட்டில் இருந்தால், படம் முடிந்த பின் அவர்களை முதலில் பேச விடுங்கள். ஆண்கள் அந்த மாமனாரின் கணக்கில் நியாயம் தேடக்கூடும். அதுவும் தவறன்று, ஏனென்றால் அகாத் அவரை வில்லனாகக் காட்டவில்லை. ஒன்றுமில்லாமல் நகரத்துக்கு வந்தவர், மறுபடி ஒன்றுமில்லாமல் ஆகிவிடுவோமோ என்ற அச்சத்தில் பேரனைவிடக் கடையைப் பெரிதாக எண்ணத் தொடங்கிவிட்டார். பால் வெட்டிய காசில் மண் வீடும் பசுமாடும் வாங்கிய நம் தாத்தாக்களிடமும் அந்த அச்சம் இருந்தது.

மொழியை எப்படிச் சமாளிப்பது

யூடியூபில் துருக்கியத் தயாரிப்பு நிறுவனங்களே தங்கள் பழைய படங்களை முழுமையாக ஏற்றியிருக்கின்றன. சிலவற்றில் ஆங்கில வசன வரிகள் உண்டு. படத்தின் பெயரோடு ஆண்டையும் நடிகரின் பெயரையும் சேர்த்துத் தேடினால், துருக்கிய எழுத்துகளின் புள்ளிகளும் வால்களும் இல்லாமல் தட்டச்சு செய்தாலும் படம் அகப்பட்டுவிடும். ஒரே படத்துக்குப் பல பிரதிகள் இருக்கும்போது, அகலத் திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதியைத் தவிர்த்து, இரு ஓரங்களிலும் கறுப்புப் பட்டை தெரியும் முழுப் பிரதியைத் தேர்ந்தெடுங்கள். வெட்டிய பிரதியில் நின்று பேசுபவர்களின் நெற்றி காணாமல் போகும். நடிகரின் கையில் இருக்கும் சிகரெட்டு மட்டும் மங்கலாக்கப்பட்டிருந்தால், அது தொலைக்காட்சிக்காகத் தயாரான பிரதி என்று அறிந்துகொள்ளலாம். பார்ப்பதற்கு அது தடையில்லை.

வசன வரிகளைத் தமிழுக்கு மாற்றும் தானியங்கி வசதியும் இருக்கிறது. அதை அவசரத்துக்குப் பயன்படுத்தலாமே தவிர நம்ப முடியாது. துருக்கிய மொழியில் ஆண், பெண் இருவருக்கும் சுட்டுப்பெயர் ஒன்றே என்பதால், இயந்திரம் அவளை அவனாக்கும். மாமனாரை ஒருமையில் பேசும். குடும்பப் படத்தில் இது பொறுக்க முடியாத குறை. இதைவிடப் பல மடங்கு நல்ல வழி, ஆங்கிலம் தெரிந்த பேரனையோ பேத்தியையோ வசனம் சொல்ல வைப்பதுதான். திரைக்குப் பக்கவாட்டில், பெரியவர்களின் காதுக்கு அருகில் உட்காரட்டும். ஒவ்வொரு வரியையும் மொழிபெயர்க்க வேண்டியதில்லை. சண்டை, காதல், அழுகை எல்லாம் முகத்திலேயே தெரிந்துவிடும். ஒரு காட்சிக்கு இரண்டு மூன்று வாக்கியம் போதும். யாருக்கு யார் என்ன உறவு என்பதை மட்டும் தவறாமல் சொல்ல வேண்டும். ஆங்கில வரி வெறும் பெயரைக் காட்டும் இடத்தில் அண்ணி, அத்தை, பெரியப்பா என்று முறை சொல்லிக் கூப்பிட்டால் காட்சியின் சூடு திரும்பிவிடும். படத்தை முன்பே ஒருமுறை தனியாகப் பார்த்து வைத்த பிள்ளைதான் இதற்குச் சரிப்படும். போகிற போக்கில் படித்துச் சொல்பவர் எப்போதும் ஒரு வசனம் பின்தங்கி, சிரிப்பையும் தாமதப்படுத்திவிடுவார்.

ஒலி பற்றிச் சிறிது. பழைய ஒலித்தடத்தில் இசை உரக்கவும் பேச்சு கம்மலாகவும் இருக்கும். தொலைக்காட்சிப் பெட்டியின் பின்பக்க ஒலிபெருக்கியைவிட, சாதாரணத் தனி ஒலிபெருக்கி ஒன்றை முன்னால் வைத்தால் பேச்சு துலங்கும். பெரும்பாலான படங்கள் ஒன்றரை மணி நேரத்தில் முடிந்துவிடுவதால், சனிக்கிழமை இரவு எட்டரைக்குத் தொடங்கினால் பத்து மணிக்கெல்லாம் பேசத் தொடங்கிவிடலாம். துருக்கியில் கோடைக்காலத் திறந்தவெளித் திரையரங்குகளில் சூரியகாந்தி விதையைக் கொறித்தபடியே படம் பார்த்தார்கள். தோட்டத்துத் திடலில் வெள்ளைத் திரை கட்டிப் படம் காட்டிய நாட்களில் நம்மவர்கள் கடலை கொறித்ததை நினைவில் வைத்திருப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். ஈப்போ புந்தோங்கிலிருந்து வரும் கச்சாங் பூத்தே என்ற கொறிக்கும் தின்பண்டத்தை ஒரு தட்டில் கொட்டி நடுவில் வைத்தால் போதும்.

கோயில் மண்டபத்திலோ பொது மண்டபத்திலோ அறிவிப்பு ஒட்டி ஊராருக்குத் திரையிட விரும்பினால் விஷயம் வேறு. மலேசியாவில் 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி, பொதுவில் காட்டப்படும் படத்துக்குத் தணிக்கை வாரியத்தின் ஒப்புதல் வேண்டும். தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான பினாஸ் அமைப்பின் உரிமம், படத்தின் உரிமையாளரது அனுமதி ஆகியவற்றையும் விசாரித்துக்கொள்ள வேண்டும். இங்கே சொல்பவையெல்லாம் வீட்டுக்குள், உறவினரோடு பார்ப்பதை எண்ணிச் சொல்பவை.

காதல் படங்களும் குனேயின் படங்களும்

காதல் படங்களில் ஒன்றே ஒன்றைத்தான் பார்க்க நேரமிருக்கிறது என்றால், அத்திஃப் யில்மாஸ் 1977இல் எடுத்த ‘செல்வி பொய்லும் அல் யாஸ்மாலிம்’ படத்தைப் பாருங்கள். கிர்கிஸ் எழுத்தாளர் சிங்கிஸ் ஐத்மாத்தோவின் கதை. துர்க்கான் ஷோராய் நடித்த ஆஸ்யா, லாரி ஓட்டுநரான இலியாசைக் காதலித்து மணக்கிறாள். அவன் விட்டுப்போன காலத்தில், இன்னொருவர் அவளையும் குழந்தையையும் ஏற்றுக் காப்பாற்றுகிறார். பின்னொரு நாள் இலியாஸ் திரும்பி வருகிறான். அவள் யாரைத் தேர்ந்தெடுப்பாள் என்ற இடத்தில் படத்தை நிறுத்தி ஆளுக்கொரு பதில் கேட்டுவிட்டுத் தொடர்வது நல்ல வழக்கம். குழந்தையை வளர்க்க உழைத்த கையையும் மனத்தை முதலில் தொட்ட முகத்தையும் எதிரெதிரே நிறுத்தும் அந்த முடிவைத் துருக்கியர்கள் இன்றும் மேற்கோள் காட்டிப் பேசுகிறார்கள். ஜாஹித் பெர்க்காயின் இசையைப் பிறகு தனியாகவும் கேட்கலாம். துர்க்கான் ஷோராய் தம் ஒப்பந்தங்களில் முத்தக் காட்சி கிடையாது என்பது முதலான நிபந்தனைகளை விதித்தவர் என்பதால், அவருடைய புகழ்மிக்க காலத்துப் படங்களைப் பாட்டியோடு உட்கார்ந்து கூச்சமில்லாமல் பார்க்கலாம்.

நடிகரும் இயக்குநருமான யில்மாஸ் குனேயின் படங்கள் இவற்றுக்கெல்லாம் பின்னால் வர வேண்டியவை. 1970இல் வந்த ‘உமுத்’ அதானாவில் குதிரை வண்டி ஓட்டும் ஓர் ஏழையின் கதை. கார் மோதிக் குதிரை செத்தபின், அவன் பரிசுச் சீட்டையும் புதையலையும் நம்பத் தொடங்குகிறான். நான்கு இலக்க எண் எடுக்கும் கடை வாசலில் நிற்பவர்களை அறிந்த நமக்கு அந்த நம்பிக்கை எங்கிருந்து பிறக்கிறது என்று சொல்லித் தர வேண்டியதில்லை. சிறையில் இருந்தபடியே குனேய் எழுதி, ஷெரீஃப் கோரென் இயக்கிய ‘யோல்’ 1982இல் கான் விழாவின் முதன்மை விருதை இன்னொரு படத்தோடு பகிர்ந்துகொண்டது. துருக்கியில் 1999 வரை தடையில் இருந்தது. இவை பெரியவர்களுக்கு மட்டுமானவை. பனிக்காட்டில் நடக்கும் ‘யோல்’ காட்சிகள் பலருக்கு உறக்கத்தைக் கெடுக்கும்.

படம் முடிந்த பின் ‘பிடித்ததா’ என்று கேட்காதீர்கள். ‘பிடித்தது’ என்ற பதிலோடு பேச்சு நின்றுவிடும். அந்த இடத்தில் நீங்களாக இருந்தால் பணத்தை எதற்குக் கொடுத்திருப்பீர்கள், அவர்கள் ஊருக்குத் திரும்பியிருக்க வேண்டுமா, நம் தோட்டத்தை விட்டு வந்தபோது யார் வர மறுத்தார்கள் என்று குறிப்பாகக் கேளுங்கள். துருக்கியில் தொலைக்காட்சி பரவி, 1970களின் இறுதியில் ஆபாசப் படங்கள் பெருகி, குடும்பங்கள் திரையரங்கை விட்டு விலகின. 1980இல் இராணுவ ஆட்சியும் வந்தது. ஆயினும் 1990களில் தனியார் தொலைக்காட்சிகள் நேரத்தை நிரப்பக் கையில் எடுத்தது இந்தப் பழைய படங்களைத்தான். அப்படியே அவை அடுத்த தலைமுறையின் வீட்டுக்குள்ளும் வந்து உட்கார்ந்துவிட்டன.

வரிசையின் இறுதியில், 1985இல் ஷெனெர் ஷென் நடித்த ‘ஸூயுர்த் ஆகா’வை வைத்துக்கொள்ளுங்கள். கிராமத்தை இழந்து நகரத்துக்கு வந்து, காய்கறி விற்றுப் பிழைக்கப் பார்க்கும் ஒரு பண்ணையாரின் கதை அது. ‘கிபார் ஃபெய்ஸோ’வில் அவரை வெறுத்தவர்கள் இதில் அவருக்காக இரங்குவார்கள். ஆகையால் இரண்டையும் அடுத்தடுத்துப் போடாமல், இடையில் குறைந்தது நான்கைந்து படங்களாவது இருக்கும்படி பார்த்துக்கொள்ள வேண்டும்.